சின்னப்பொண்ணு, கதவத் தொற

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை எனக்குத் தோன்றியதல்ல, பஸ்ஸில் கிடைத்தது. கச்சிராயபாளையத்திலிருந்து கள்ளக்குறிச்சி போகும் தனியார் பஸ். டிவியில் டப்பிங் படம். பஸ்ஸே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறது. பக்கத்து சீட்டுப் பெண் மட்டும் சடாரென்று எழுந்து நின்றுவிட்டாள்.

"மலையடிவாரத்தில் பனி இறங்கிக்கொண்டிருந்தது" என்றுதான் முதலில் தொடங்கினேன். பகல் பதினொரு மணிக்குப் பனியாவது மண்ணாவது. அடித்துவிட்டேன்.

2

அவள் பெயர் சின்னப்பொண்ணு. கரும்பு வெட்டுகிறவள், டவுனுக்கு வருவதே அபூர்வம். மடியில் மஞ்சப்பை, அதற்குள் தம்பி சடையனின் பாஸ்போர்ட் சைஸ் போட்டோ. ஏழு வருஷத்துக்கு முன்னால் வீட்டைவிட்டுப் போனவன், ஒரு தகவலும் இல்லை. இனி வரமாட்டான், காரியம் பண்ணிடலாம் என்று சொந்தக்காரர்கள் முடிவுகட்டிவிட்டார்கள். வெள்ளிக்கிழமை கருமாதி. படையலில் வைக்கப் போட்டோவைப் பெரிசு பண்ணத்தான் அவள் ஸ்டுடியோவுக்குப் போகிறாள்.

(சடையனை முதலில் பொறுப்பான பிள்ளையாக எழுதினேன். படித்தால் சின்னப்பொண்ணே சிரித்துவிடுவாள். வேலைக்குப் போகாமல் ஊரில் எல்லார் குரலிலும் பேசிக்காட்டித் திரிந்தவன் அவன்.)

3

படத்தில் குங்ஃபூ சாமியார்கள் வாலிபால் ஆடுகிறார்கள். பந்து தீப்பிடித்துப் பறக்கிறது. மடத்துச் சமையல்காரனுக்கு மட்டும் பந்தென்றாலே உதறல். நம்ம ஜனங்கள் சிரிப்பது சண்டைக்காக இல்லை. அந்தச் சீனாக்காரன் வாயில் நம்மூர்ப் பேச்சு வருகிறதே, அதற்காகத்தான்.

"இன்னாடா இது, பந்து கரும்பு லாரி மாரி வந்துக்கினு கீது" என்கிறான். பந்து துரத்துகிறது. ஓடிப்போய் ஒரு கதவைப் படபடவென்று தட்டுகிறான்.

"ஏ சின்னப்பொண்ணு, கதவத் தொற. நாயி தொரத்துது."

4

அதே குரல். கடைசியில் கீச்சென்று உடைகிற இடம்கூட அதேதான்.

ஏழு வருஷத்துக்கு முன் ஒரு மத்தியானம், கரும்பு வெட்டப் போகாமல் ஊர்சுற்றி வந்த சடையன் இதே வார்த்தையைச் சொல்லித்தான் கதவைத் தட்டினான். நாயும் இல்லை நரியும் இல்லை, விளையாட்டு. அவள் தாழ்ப்பாளை நீக்கவில்லை. "எங்கனா போய்ச் சாவு" என்று உள்ளேயிருந்து கத்தினாள். போய்விட்டான். இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை.

படத்தில் கதவு திறந்துகொண்டது. பஸ் கைதட்டியது.

பஸ் ஸ்டாண்டில் இறங்கி, டீ குடித்தபடி இவ்வளவும் என்னிடம் சொன்னாள். கேட்டு முடித்த கையோடு எழுதட்டுமா என்று கேட்டேன், பாருங்கள் என் புத்தியை. "எழுதிக்கோங்க. அவன் படிச்சாலும் படிப்பான்" என்றாள்.*

* எனக்கும் சந்தேகம்தான். சின்னப்பொண்ணு என்ற பெயர் ஊருக்குப் பத்துப் பேருக்கு இருக்கும். குரலும் ஒத்துப்போகலாம். ஆனால் படத்தில் துரத்துவது பந்துதானே, அந்த நாயை யார் சொல்லிக்கொடுத்தது?

5

டீ முடிந்ததும், நாங்கள் வந்த பஸ்ஸின் கண்டக்டர் அஜித்திடம் போய்க் கேட்டாள். "இதுல பேசனது யாருன்னு தெரியுமாபா?"

"கடசில பேரு ஓடும்க்கா. ஆனா பென் டிரைவுல கடசி பத்து நிமிசம் காப்பி ஆவல. படத்துப் பேரும் தெரியாது. 'காமெடி 4'ன்னுதான் கீது."

6

முடிவு ஒன்று: சடையன் திரும்பி வருகிறான், அக்கா கதவைத் (வேண்டாம். அழுகை வருகிறது, கூடவே பொய்யும் வருகிறது.)

முடிவு இரண்டு: அவன் பேசியது ஐந்து வருஷத்துக்கு முன்னால். அதற்கடுத்த வருஷமே அவன்

இதை முடிக்க எனக்குக் கை வரவில்லை. நடந்ததை மட்டும் சொல்கிறேன். ஸ்டுடியோவுக்கு நானும் கூடப் போனேன். ஸ்டுடியோக்காரர் தனசேகரன் கம்ப்யூட்டரில் போட்டோவுக்கு மாலை போட்டு, கீழே தோற்றம் தேதியை அடித்துவிட்டுக் கேட்டார்.

"மறைவு இன்னா தேதிங்க?"

அவர் இரண்டாம் முறை கேட்டார்.

"அந்த மாலைய எடுத்துருங்க" என்றாள் சின்னப்பொண்ணு. "தேதி எடத்த அப்புடியே வுட்ருங்க."

7

இன்று புதன்கிழமை, கருமாதிக்கு இன்னும் இரண்டு நாள். நீங்கள் எந்த ஊர் பஸ்ஸிலோ, எந்த டிவியிலோ அந்தச் சமையல்காரன் கதவைத் தட்டுவதைப் பார்த்தால், எழுந்து போய்விடாதீர்கள். கடைசிவரை உட்காருங்கள், பெயர் ஓடும். சடையன் என்று இருந்தாலும் இல்லாவிட்டாலும் எனக்குச் சொல்ல வேண்டாம். கச்சிராயபாளையம் போய் அவளிடம் சொல்லுங்கள். வீட்டைக் கண்டுபிடிப்பது சுலபம். பட்டப்பகலில், ஆள் இல்லாதபோதும், கதவு திறந்தே கிடக்கிறது.