விசிலுக்கு முன் உயர்ந்த கை

நேற்றுச் சனிக்கிழமை எங்கள் கல்லூரி ஒரு புள்ளியால் தோற்றது. அதோடு கூடைப்பந்துப் பருவம் முடிந்தது. எங்கள் அணியில் ஆடிய இக்னேசியஸின் படிப்பும் முடிந்தது. இவை எப்படி ஒன்றோடொன்று பிணைந்தன என்பதை ஒழுங்காக எழுதப் பார்க்கிறேன். கண்டதை முதலிலும் நினைத்ததைப் பிறகும் எழுதுவது என் வழக்கம். ஆனால் எது கண்டது, எது நினைத்தது என்று சில வேளை எனக்கே தெளிவில்லை.

நான் பகலில் பிறம்ரன் நகரத்தில் ஒரு வெயார்ஹவுஸில் சரக்குப் பெட்டி ஒட்டுகிறேன். திங்களும் வியாழனும் மாலையில் இந்தக் கல்லூரியில் கணக்கியல் வகுப்பு. வகுப்பறைக்குப் பக்கத்தில்தான் ஜிம். சென்ற இலையுதிர் காலத்தில், ஆட்டங்களில் நேரமும் புள்ளியும் குறிக்கும் மேசையில் இருக்க ஆள் வேண்டும் என்று விளையாட்டு அலுவலகத்தில் கேட்டார்கள். மட்டக்களப்பில் பள்ளிக்கூடத்துக்கு வலைப்பந்து ஆடியவள் என்று சொன்னேன். இரண்டும் ஒரே ஆட்டமல்ல என்று அவர்களும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை.

எனக்குத் தந்தது முப்பது விநாடிக் கடிகாரம். பந்தை வைத்திருக்கும் அணி முப்பது விநாடிக்குள் கூடையை நோக்கி எறிய வேண்டும். எறிபவரின் கையை விட்டுப் பந்து கிளம்பியதும் நான் பொத்தானை அழுத்திக் கடிகாரத்தை மறுபடி முப்பதுக்குக் கொண்டுவர வேண்டும். எல்லாரும் கூடையைப் பார்ப்பார்கள். நான் கைகளைப் பார்ப்பேன். எறிந்த பந்து உள்ளே போனதா என்பதை அநேகமாகச் சத்தத்தை வைத்துத்தான் அறிவேன்.

ஒன்ராறியோ மாகாணக் கல்லூரிகளின் இந்தப் போட்டியைப் பற்றிப் பத்திரிகையில் எதுவும் வராது. வடக்கிலிருந்து வருகிற அணிகள் பனியில் பகல் முழுக்கப் பஸ்ஸில் இருந்து வந்து, கால் விறைத்தபடி இறங்கி, உடுப்பு மாற்றி ஆடிவிட்டு, அதே பஸ்ஸில் சான்ட்விச்சோடு திரும்பிப் போகும். எங்கள் ஜிம் சுவரில் வெற்றிக் கொடிகள் தொங்குகின்றன. அவற்றில் உள்ள ஆண்டுகள் எழுபதுகளின் நடுவோடு நின்றுவிட்டன. நடைபாதையில் மாட்டியிருக்கும் அந்தக் கால அணிப் படங்களில் எல்லாரும் வெள்ளை இளைஞர்கள், இறுக்கமான குட்டைக் காற்சட்டையோடு. இப்போது பக்கத்து ரெக்ஸ்டேலில் வளர்ந்த யமேக்கா, திரினிடாட் பிள்ளைகள்தான் அணியில் அதிகம். மூன்று புள்ளிக் கோடு புதிதாக வந்த விதி. அதற்காகக் கரப்பந்து, பூப்பந்துக் கோடுகளின் மேல் நாடா ஒட்டியிருக்கிறார்கள். நாடா கிளம்பினால் ஆட்டத்தை நிறுத்தி, யாராவது சப்பாத்தால் தேய்த்து ஒட்டுவார்கள். பார்க்க வருபவர்களில் பாதிப்பேர் ஆடுபவர்களின் தங்கைமாரும் காதலிகளும். அவர்கள் மரப் படிகளில் காலால் உதைத்தால் எங்கள் மேசை நடுங்கும்.

இக்னேசியஸ் இந்த அணியில் இருந்த ஒரே தமிழன். இலத்திரனியல் முதலாம் வருடம். யாழ்ப்பாணத்தில் ஒரு கத்தோலிக்கப் பாடசாலைக்கு ஆடியவன். உயரம் போதாது, ஆனால் கால் வேகம். எதிரணியின் ஒருவனை மறிக்க வேண்டுமென்றால் அவனைத்தான் இறக்குவார்கள். அக்கா அன்ரனெற்றோடும் அத்தான் மரியரட்ணத்தோடும் ரெக்ஸ்டேலில் இருக்கிறான். கோடையில் அத்தானுக்கு வேலையிடத்தில் முதுகு பிடித்துவிட்டது. இரண்டு சின்னப் பிள்ளைகள். அக்கா ஒரு முடிவுக்கு வந்தா. விளையாட்டு முடியும் வரை படிக்கட்டும், முடிந்ததும் வேலைக்குப் போகட்டும்.

அவன் போட்ட கணக்கு வேறு. அணி இறுதிச் சுற்றுக்குப் போனால் பருவம் மார்ச்சுக்குள் நீளும். மார்ச் வந்தால் வருடச் சோதனை கிட்ட வந்துவிடும். இவ்வளவு தூரம் வந்தாச்சு, சோதனையையும் எழுதிவிட்டுப் போ என்று அக்கா மனம் இளகுவா. "ஒவ்வொரு மட்சும் எனக்கு ஒரு கிழமைப் படிப்பு, கனகாக்கா," என்று தைமாதம் ஒருநாள் சொன்னான். அடுத்து, 'பிறகு' என்பதை 'மறுகா' என்கிற என் மட்டக்களப்புப் பேச்சைப் பழித்துக் காட்டினான். "மறுகா என்ன நடக்கும் எண்டு மறுகா பாப்பம்."

அவனுடைய பிரச்சினை அவன் வலது கை. ஃபவுல் செய்த ஆட்டக்காரர் மேசையைப் பார்த்துக் கையை உயர்த்த வேண்டும் என்பது விதிதான். இங்கே உள்ளவர்கள் விசில் ஊதி, நடுவர் எண்ணைச் சொல்லி, முறைத்துப் பார்த்த பிறகு அரைக் கை உயர்த்துவார்கள். இவன் விசிலுக்கு முன்பே உயர்த்திவிடுவான். பாடசாலையில் அவனைப் பழக்கிய ஃபாதரின் சட்டம் அது. விசில் வரும்வரை காத்திருந்தவன் மைதானத்தைச் சுற்றி ஓட வேண்டும். பட்டது உனக்குத் தெரியும், பிறகு ஏன் மற்றவன் சொல்லும்வரை நிற்கிறாய் என்று கேட்பாராம். கை அப்படியே பழகிவிட்டது.

முதலில் நடுவர்கள் சிரித்தார்கள். பயிற்சியாளர் பொப் சிரிக்கவில்லை. நடுவருக்குச் சம்பளம் கொடுப்பது எதற்கு, அந்த வேலையை நீ ஏன் செய்கிறாய் என்று எல்லார் முன்னாலும் கேட்டார். அணித் தலைவன் டெல்ராய்தான் அதை இலகுவாக்கினான்.

"இகி, கையைக் காற்சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு ஆடு."

"இந்தக் காற்சட்டைக்குப் பை இல்லையே."

"அப்படியென்றால் என் பைக்குள் வை. என் அம்மா தைத்துத் தருவா."

அதன் பிறகு இக்னேசியஸ் முயன்றான். ஃபவுல் நடந்தால் இடது கையால் வலது மணிக்கட்டைப் பிடித்துக்கொள்வதைக் கண்டிருக்கிறேன். மாசி மாதம் முழுக்க அந்தக் கை பெரும்பாலும் கீழேயே இருந்தது.

நேற்று கடைசி ஆட்டம். வென்றால் இறுதிச் சுற்று. வடக்கு அணி இருட்டுமுன் திரும்ப வேண்டும் என்பதால் மத்தியானமே தொடங்கினார்கள். இக்னேசியஸ் வந்தபோதே முகம் வீங்கியிருந்தது. அத்தான் போட்டுவந்த பேப்பர்களை இப்போது இவன்தான் விடிய எழும்பி வீடு வீடாகப் போடுகிறான். ஓரத்து வாங்கில் உட்கார்ந்திருக்கும்போது துவாயைத் தலைமேல் போட்டிருந்தான். தூங்குகிறானோ என்று நினைத்தேன். இது நினைத்தது, கண்டதல்ல.

கடைசி நிமிடத்தில் நாங்கள் ஒரு புள்ளி முன்னால் நின்றோம். பொப் இக்னேசியஸை இறக்கினார். வடக்கு அணியின் நெடியவன் ஒருவன் எங்கள் மேசைக்குக் கிட்டிய பக்கத்தில், கூடைக்குக் கீழே பந்தோடு எழுந்தான். இக்னேசியஸ் அவனுக்கு எதிரே எழுந்தான்.

இனிக் கண்டது. இக்னேசியஸின் உள்ளங்கை பந்தின் மேல் இருந்தது. நெடியவனின் மணிக்கட்டுக்கும் இக்னேசியஸின் விரல்களுக்கும் இடையில் பந்தின் தோல் தெரிந்தது. பந்து நெடியவனின் கையை விட்டு மேலே போகவில்லை. அதனால் என் விரல் பொத்தானில் காத்திருந்தது. பந்து கீழே விழ, டெல்ராய் அள்ளிக்கொண்டான். நடுவருக்கு முன்னால் வேறொருவனின் முதுகு மறைத்தது. விசில் அவர் வாயில் இருந்தது. அவர் ஊதவில்லை.

அப்போது இக்னேசியஸின் வலது கை உயர்ந்தது. முழங்கை மடியவில்லை. விரல்கள் சேர்ந்திருந்தன. முகம் எங்கள் மேசையைப் பார்த்தது.

நடுவர் அந்தக் கையைக் கண்டார். பிறகு ஊதினார்.

மரப் படிகளில் சத்தம் நின்றது. மேசையில் இருப்பவர்கள் ஃபவுலைப் பற்றி வாய் திறக்கக்கூடாது. நடுவர் கேட்டால் கடிகாரத்தைப் பற்றி மட்டும் சொல்லலாம். அவர் கேட்கவில்லை. நெடியவன் இரண்டு தண்ட எறிகளையும் போட்டான். மிச்ச விநாடிகளில் டெல்ராய் தூரத்திலிருந்து எறிந்த பந்து வளையத்தில் பட்டு வெளியே வந்தது. வடக்கு அணி ஒருவர்மேல் ஒருவர் விழுந்து கத்தியது. எங்கள் ஆட்கள் அவரவர் நின்ற இடத்திலேயே நின்றார்கள். நான் கடிகாரத்தின் வயரைச் சுற்றி வைத்தேன்.

பஸ் தரிப்பிடத்தில் நின்றபோது இக்னேசியஸ் வந்தான். தலைமயிர் ஈரம், தொப்பி போடவில்லை.

"அக்கா, இன்னும் போகேல்லையே?"

"பஸ் வரல்ல. தலையத் துடச்சிக்க தம்பி, விறைக்கும்."

பையிலிருந்து துவாயை எடுத்துத் தலையில் போட்டுக்கொண்டான்.

"பொப் ஏசினவரோ?" என்று கேட்டேன்.

"இல்லை. அதுதான் அக்கா விசயம். எல்லாரையும் இருத்திப்போட்டுச் சொன்னவர், தான் பயிற்சி குடுக்கத் துவங்கின நாளிலை இருந்து இப்பிடி ஒருத்தனைக் கண்டதில்லையாம். இவனுக்கு ஆரும் ஒரு சொல்லுச் சொன்னால் அடுத்த வருசம் சொன்னவன் ரீமிலை இல்லையாம். தான் இவ்வளவு நாளும் அந்தக் கையைப் பற்றிக் கதைச்சது தன்ரை பிழையாம்."

"டெல்ராய்?"

"என்ரை சப்பாத்தைத் தூக்கி என்ரை பைக்குள்ளை வச்சவன்."

கார்கள் சேற்றுப் பனியை வாரியடித்துக்கொண்டு போயின. இருவரும் கொஞ்சம் பின்னால் தள்ளி நின்றோம்.

"நீங்கள் கையைத்தானே பாக்கிறனீங்கள்," என்றான். "கிட்டத்தான் இருந்தனீங்கள். அவனுக்கு எங்கை பட்டது? மணிக்கட்டிலையோ, முழங்கையிலையோ?"

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். நான் அதிகம் சொல்லும் சொல் அதுதான், யாரும் நம்புவார்கள். வகுப்பில் விடை சரியாக வந்தாலும் இன்னொரு முறை கூட்டிப் பார்க்கிறவள் நான். பஸ் தரிப்பிடத்திலும் கூட்டிப் பார்த்தேன். உள்ளங்கை, பந்து, பந்தின் தோல். ஒவ்வொரு முறையும் அதே விடைதான் வந்தது.

"எங்கயும் படல்ல," என்றேன். "பந்துலதான் பட்டுது."

"வடிவாப் பாத்தனீங்களோ?"

"ஓம்."

"அப்ப நான் ஏன் கையைத் தூக்கினனான்?"

அவனே தன் கால்களைப் பார்த்தபடி சொன்னான்.

"எழும்பேக்கை கால் வரேல்லை அக்கா. பிந்திப்போனன் எண்டு நினைச்சன். பிந்தி எழும்பினால் கட்டாயம் ஆளிலைதான் படும். அப்பிடியே கை மேலை போயிட்டுது. பட்டதோ எண்டு பாக்கவும் இல்லை."

"பொப்புக்குச் சொல்லுவமா? உன்னில பிழை இல்ல எண்டு தெரியட்டும்."

"வேண்டாம்." துவாயைத் தலையிலிருந்து இழுத்தான். "சொல்லிப்போடாதேங்கோ. பட்டதெண்டால் நான் நேர்மையானவன். படேல்லை எண்டால் விசரன், மூளை பிழைச்சவன். நேர்மையானவன் எண்ட பேரோடை வேலைக்குப் போகலாம். விசரன் எண்டு எப்பிடி அக்கா போறது?"

"நான் சொல்லமாட்டன்."

"டெல்ராய்க்கும்."

"ஆருக்கும் சொல்லமாட்டன்."

நான் முதலில் அவனுக்கே சொல்லியிருக்கத் தேவையில்லையோ என்று இப்போது யோசிக்கிறேன். அவன் கேட்டான், நான் சொன்னேன். அதற்கு மேல் கூட்டிக் கழித்துப் பார்க்க முடியவில்லை.

"மாலை வகுப்பில சேரலாம் தம்பி. இந்தப் பாடமே இருக்குது."

"மாலை வகுப்புக்காரர் ரீமிலை விளையாடேலாது அக்கா. முழுநேரமா இருக்கோணும்."

"ஓம். அது சரி."

"அத்தான் ஏற்கெனவே ஒராளைப் பிடிச்சு எனக்கு வேலை எடுத்திட்டார். பிறம்ரன்தான். பேரைப் பாத்தால் உங்கடை வெயார்ஹவுஸ் போலை கிடக்கு. வேலையாக்களை வான் எங்கை வந்து ஏத்தும்?"

ஏறும் இடத்தைச் சொன்னேன். கடைகள் இருக்கும் பிளாசாவில் டோனட் கடைப் பக்கம் நிற்கவேண்டும், வங்கிப் பக்கம் நின்றால் சாரதி காணமாட்டார். பின் இருக்கையில் ஏறக்கூடாது, அங்கே ஹீற்றர் வேலை செய்யாது. தரை முழுக்கச் சீமெந்து, இரண்டு சோடி சொக்ஸ் போட்டுக்கொண்டு வரவேண்டும். அவன் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினான். பயிற்சியாளர் சொல்வதைக் கேட்கும்போது ஆட்டுவதுபோல.

"கால் நோகுமோ?"

"மத்தியானம் வரைக்கும் தெரியாது. மறுகா நோகும்."

இந்த முறை அவன் பழித்துக் காட்டவில்லை.

பஸ் வந்தது. ஏறி உட்கார்ந்ததும் ஜன்னலில் தலையைச் சாய்த்துத் தூங்கிவிட்டான். ரெக்ஸ்டேலில் அவன் தரிப்பிடம் வந்தபோது தோளில் தட்டினேன். எழும்பவில்லை. மறுபடி தட்டினேன். கண்ணைத் திறந்து, எங்கே வந்திருக்கிறோம் என்று கேட்டான். சொன்னேன். பையைத் தூக்கிக்கொண்டு இறங்கிப் போனான்.