பூச்சி என்று சொன்னால் போதும்

வறட்டி எடுக்கப் போன லீலா மேரி இடது கையை உதறிக்கொண்டே அடுப்படிக்கு ஓடிவந்து, "அம்மா, தேளு" என்றாள். பாடம் ஒப்பிக்கிற தெளிவோடு சொன்னாள். கேழ்வரகு மாவு பிசைந்துகொண்டிருந்த இன்னாசிமேரி முதலில் குழந்தையின் விரலைப் பார்க்கவில்லை. மாவுக் கையோடு எழுந்து அவள் வாயைப் பொத்தினாள். பொத்திய பிறகுதான் எந்தக் கை, எந்த விரல் என்று பார்த்தாள். மோதிர விரல் நுனியில் ஊசி குத்தினாற்போல ஒரு புள்ளி. வீக்கம்கூட இல்லை. "பூச்சின்னு சொல்லு. பூச்சி. வேற ஒண்ணும் சொல்லாத" என்று குழந்தையின் காதில் சொன்னாள். ஆறு வயதுப் பெண்ணுக்கு அப்போதுதான் பயம் வந்து, உதடு பிதுங்கி, அழத் தொடங்கினாள்.

அந்த ஊரில் அதன் பேரை யாரும் சொல்வதில்லை. ஏலாக்குறிச்சிக்கு வடமேற்கே, கொள்ளிடத்து வண்டல் முடிந்து செம்மண் தொடங்குகிற இடத்தில் இருந்தது ஊர். செம்மண்ணில் முந்திரியும் கடலையும் எப்படி விளைகிறதோ அப்படித்தான் அதுவும். கல்லைப் புரட்டினால் இருக்கும், கடலைக்கொடிப் போரில் இருக்கும், உதறாமல் போர்த்திக்கொண்ட துணியில் இருக்கும். பூச்சி என்பார்கள், கொடுக்கு வச்சது என்பார்கள், அவசரமென்றால் வெறும் 'அது'. அதன் வாலைப்போலப் பூ வளைந்திருப்பதால் பேர் பெற்ற ஒரு செடி வேலியோரமெல்லாம் முளைத்துக் கிடக்கும்; அதற்கும் முன்பாதியை வெட்டிவிட்டுக் கொடுக்குச் செடி என்றுதான் பேர். சோசியர் அந்த ராசிக்கு வரும்போது விருச்சிகம் என்று வடமொழியில் சொல்லித் தப்பித்துக்கொள்வார். ஆனால் மனிதர்கள் விஷயத்தில் இந்தக் கட்டுப்பாடு கிடையாது. பதில் பேசுகிற மருமகள் தேளு. அரிசி டிப்போவில் அளவு குறைத்துப் போடுகிறவன் தேளு. அதற்கு மட்டும் சொல்லக்கூடாத பேரை ஊரே தாராளமாக ஒருவருக்கொருவர் கொடுத்துக்கொண்டிருந்தது.

இதை ஊரில் எடுத்துச் சொல்லிச் சிரித்தவர் ஒரே ஒருவர்தான். லீலாவின் அப்பா, உபதேசியார் ஞானமுத்து. ஞாயிற்றுக்கிழமை மதியம் மாதா கோயில் வேப்பமரத்தடியில் பிள்ளைகளை உட்கார வைத்து ஞானோபதேசம் சொல்லிக்கொடுப்பார். இடையில் ஏதாவது ஒரு பிள்ளை பூச்சி என்று சொல்லிவிட்டால் போதும், பாடத்தை நிறுத்திவிடுவார். "ஊருல ஆயிரம் பூச்சி இருக்கு. எந்தப் பூச்சி? முழுசாச் சொல்லு." பிள்ளைகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கும். கடைசியில் லீலாதான் எழுந்து தேளு என்பாள். "பாத்தீங்களா, வாய் வெந்துபோச்சா?" என்பார் அவர். ஆதாம் எல்லா ஜீவராசிகளுக்கும் பேர் வைத்தான், அதைச் சொல்வதற்குத்தான் வைத்தான் என்பது அவருடைய வாதம். பங்குச் சாமியாரே ஒருமுறை இதைக் கேட்டுத் தலையசைத்ததில் உபதேசியாருக்கு உள்ளூரக் கொஞ்சம் பெருமை உண்டு.

அன்று வியாழக்கிழமை. கோயில் வேலை முடிந்து அவர் வீட்டுக்கு வந்தபோது குழந்தை கட்டிலில் கிடந்தாள். பக்கத்து வீட்டுக் கொளஞ்சியம்மாள் சுண்ணாம்பு குழைத்து விரலில் தடவிக்கொண்டிருந்தாள். வறட்டிக் குவியலைக் கலைத்துப் பார்த்து அவளே அதைச் செருப்பால் அடித்துக் கொன்றிருந்தாள். முறத்தில் கிடந்ததை அவர் பார்த்தார். விரல் நீளம்கூட இல்லை, செங்கல் பொடி நிறம். பெரிதாய்க் கறுப்பாய் இருக்கிற நட்டுவாக்காலியைப் பார்த்துத்தான் வெளியூர்க்காரர்கள் அலறுவார்கள். உள்ளூர்க்காரர்கள் பயப்படுவது இதற்குத்தான். இது கொட்டிப் பெரியவர்கள் பிழைத்திருக்கிறார்கள். சின்னப் பிள்ளைகள் பிழைத்ததாக அவருக்கு ஒரு பேரும் நினைவுக்கு வரவில்லை. போன வருஷம் அறுப்புக் காலத்தில் அடக்கம் செய்த குழந்தையின் பெட்டிக்கு முன்னால் சிலுவை தூக்கிப் போனவர் அவர்தான்.

லீலா இரண்டுமுறை வாந்தி எடுத்திருந்தாள். மயிர்க்காலெல்லாம் வியர்த்து சட்டை நனைந்திருந்தது. தொட்டால் உடம்பு சில்லென்றிருந்தது. மாதா தீர்த்தத்தை உதட்டில் நனைத்துவிட்டு அவர் முழங்காலில் நின்று ஜெபிக்கத் தொடங்கினார். இன்னாசிமேரி அவர் பின்னால் வந்து நின்றாள்.

"ஜெபத்த நான் சொல்றேன். நீங்க இராமலிங்கத்துக்கிட்ட போங்க."

பக்கத்து ஊர் இராமலிங்கம் விஷக்கடிக்கு மந்திரிக்கிறவர். காசு வாங்க மாட்டார், வெற்றிலைகூட வாங்க மாட்டார். அவரிடம் போகக்கூடாது என்று கோயிலில் சாமியார் சொல்வார். சாமியார் இல்லாத ஞாயிறுகளில் அதையே ஞானமுத்து சொல்வார். போய்விட்டு வந்து பாவசங்கீர்த்தனத்துக்குக் காத்து நின்று அழுதவர்களை அவருக்குத் தெரியும். அவர்கள் முகத்தைப் பார்க்கும்போது அவருக்கு இரக்கமும் வரும், இளக்காரமும் வரும்.

"பாவம்னா அது எம்மேல இருக்கட்டும். நாஞ் சொல்லிக்கிறேன் சாமிகிட்ட" என்றாள் இன்னாசிமேரி. அவள் குரல் உயரவில்லை. அவர் எழுந்து துண்டை எடுத்தார்.

கொளஞ்சியம்மாள் வாசல்வரை பின்னாலேயே வந்தாள். "உபதேசியாரே, ஒண்ணு கேட்டுக்கிட்டுப் போங்க. போறவங்க அது பேரச் சொல்லப்படாது. அவருக்கு அவரு குரு போட்ட கட்டு அது. போறவங்க வாயிலேர்ந்து பேரு வந்துட்டா அன்னிக்கு அவருக்கு மந்திரம் நிக்காது. பூச்சின்னு சொன்னா போதும், அவருக்கே தெரியும். மறந்துடாதீங்க, உங்கள கும்புடுறேன்." குழந்தையின் பாவாடை ஓரத்திலிருந்து கிழித்த துணி ஒன்றை அவர் கையில் திணித்தாள். அதில் முடிச்சுப் போட்டுத்தான் மந்திரிப்பாராம்.

முந்திரிக்காட்டு வழியாகப் போனால் கிட்டம். வெயில் சாயத் தொடங்கியிருந்தது. பூச்சி, பூச்சி என்று சொல்லிக்கொண்டே நடந்தார். நடுவில் அருள் நிறைந்த மரியே சொன்னார். பிறகு பூச்சி. இரண்டும் கலந்துபோனபோது அவருக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. நாற்பது வயதுக்குமேல் ஒரு வார்த்தையைச் சொல்லாமலிருக்கப் பாடம் படிக்கிறோமே என்று நினைத்தார். நினைத்த மறுகணம் குழந்தையின் சில்லிட்ட நெற்றி கையில் பட்டதுபோல இருந்தது. ஓடினார்.

இராமலிங்கம் கிணற்றடியில் கமலை இறைத்துக்கொண்டிருந்தார். வடத்தின்மேல் உட்கார்ந்து மாடுகளைச் சரிவில் ஓட்டிக்கொண்டு போனவர், வரப்பில் ஓடிவரும் உபதேசியாரைப் பார்த்ததும் மாட்டைப் பிடித்து நிறுத்தினார். தண்ணீர்ச்சால் பாதிக் கிணற்றில் தொங்கி ஆடிக்கொண்டிருந்தது. இந்த மனிதர் தன் வாசலுக்கு எதற்கும் வரமாட்டார் என்பது அவருக்குத் தெரியும். வந்திருக்கிறார் என்றால் என்னவென்பதும் தெரிந்திருக்கும்.

"வாங்க உபதேசியாரே. யாருக்குங்க?"

"பாப்பாவுக்குங்க."

"என்னங்க?"

"பூச்சிங்க" என்றார் ஞானமுத்து. சொல்லிவிட்டு மூச்சு விட்டார். துணியை நீட்டினார். இராமலிங்கம் வடத்திலிருந்து இறங்கி, கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு, துணியைப் பயபக்தியோடு வாங்கினார். கிழக்கே திரும்பி நின்றார். உதடு அசையத் தொடங்கும் முன்னால், குழந்தைக்காகக் கொஞ்சம் கவலைப்பட்டவராய்க் கேட்டார்.

"பெரிசுங்களா, கறுப்புங்களா?"

தலையை அசைத்திருந்தால் போதும். இல்லை என்று ஒரு வார்த்தை போதும். ஆனால் பாதிப் பதிலை யாரிடமும் ஒப்புக்கொள்ளாத வாய் அது. எத்தனையோ ஞாயிற்றுக்கிழமைகளாக முழுசாச் சொல்லு, முழுசாச் சொல்லு என்று பழகிய வாய்.

"இல்லிங்க, நட்டுவாக்காலி இல்ல. செந்தேளு."

இராமலிங்கத்தின் கையில் துணி அப்படியே நின்றது. மாடு ஒன்று தலையை ஆட்ட, கழுத்துமணி சத்தம் கேட்டது. தான் சொன்னது ஞானமுத்துவுக்கு உடனே உறைக்கவில்லை. எதிரே நின்றவரின் முகம் மாறியதைப் பார்த்துத்தான் உறைத்தது.

"சொல்லிட்டிங்களே" என்றார் இராமலிங்கம்.

"வாய் தவறிடுச்சிங்க. எனக்குத்தாங்க தண்டன, பாப்பாவுக்கு எதுக்குங்க? நான் சொல்லலன்னு வச்சுக்குங்க. இல்லாட்டி திரும்பிப் போயி வேற ஆள அனுப்பறேன். கொளஞ்சியம்மாள அனுப்பறேன்."

"யாரு வந்தாலும் இன்னிக்கு அவ்வளவுதாங்க. எனக்கு இருக்கறது ஒரே ஒரு மந்திரம். அதுக்கு ஒரே ஒரு கட்டு." அவர் வரப்பில் குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டார். "நீங்க வேணும்னா சொல்லுங்க, வந்து ஓதறேன். வெறும் வாயத்தான் அசைப்பேன். உங்க வூட்டுக்காரம்மா மனசு ஆறும்னா ஓதறேங்க."

ஞானமுத்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார். தூக்கிப் போகிற சிலுவையைத் தவிர வேறெதையும் அவ்வளவு கெட்டியாகப் பிடித்ததில்லை. இந்த மந்திரத்தில் ஒன்றுமில்லை, ஒன்றுமில்லாததைக் கெடுக்கவும் முடியாது என்று அவர் இத்தனை காலம் சொன்ன நியாயமெல்லாம் மனதில் ஒழுங்காக வந்து நின்றது. ஒன்றும் பயன்படவில்லை. மகளைத் தானே கொன்றுவிட்டோம் என்று மட்டும் தோன்றியது.

இராமலிங்கம்தான் கையை விடுவித்துக்கொண்டு எழுந்தார். கிணற்றில் தொங்கிய தண்ணீர்ச்சாலைக்கூட மேலே இழுக்காமல் மாடுகளை வடத்திலிருந்து கழற்றினார். "வாங்க, வண்டியில பூட்டுவோம். அரியலூருக்குப் போயிருவோம். ஆஸ்பத்திரியில ஊசி இருந்தாலும் இருக்கும்" என்றார். அது உலக யுத்தக் காலம். பெட்ரோல் இல்லாமல் கரி அடுப்பு வைத்த பஸ் ஒன்று திருமானூர் ரோட்டில் காலையில் போகும், மேடு வந்தால் அதையும் இறங்கித் தள்ள வேண்டும். இந்த நேரத்தில் மாட்டு வண்டியை விட்டால் வேறு வழியில்லை.

வண்டி வாசலில் வந்து நின்றபோது இன்னாசிமேரி குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே வந்தாள். இராமலிங்கத்தைப் பார்த்ததும் அவள் முகத்தில் வந்த வெளிச்சத்தை ஞானமுத்துவால் பார்க்க முடியவில்லை. மந்திரிப்பவர் வண்டியைவிட்டு இறங்காமல் மூக்கணாங்கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தார். அவள் அவரைப் பார்த்தாள், புருஷனைப் பார்த்தாள்.

"சொல்லிட்டிங்களா?"

அவர் குழந்தையை வாங்கக் கை நீட்டினார். அவள் அழவுமில்லை, திட்டவுமில்லை. வைக்கோல்மேல் கோணி விரித்து, குழந்தையோடு ஏறி உட்கார்ந்து, ஜெபமாலையை எடுத்துக்கொண்டாள். திட்டியிருந்தால் அவருக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

கொளஞ்சியம்மாள் கொடுக்குச் செடி இலையை ஒரு கைப்பிடி பறித்துக்கொண்டு வண்டியோடு கொஞ்ச தூரம் ஓடிவந்தாள். வழியில் கசக்கித் தேய்க்கச் சொன்னாள். பிறகு நின்றுவிட்டாள்.

வண்டிப்பாதை மேடும் பள்ளமுமாக இருந்தது. இராமலிங்கம் மாட்டை அடிக்கவேயில்லை, வாலைத் தொட்டுத் தொட்டு விரட்டினார். ஒருதரம்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. ஞானமுத்து குழந்தையின் தலையை மடியில் வைத்துக்கொண்டு இலையைக் கசக்கி விரலில் தேய்த்தார். வாயோரம் எச்சில் வழிந்தபடி இருந்தது; துடைக்கத் துடைக்க வந்தது. சின்ன இருமல் ஒன்று தொடங்கியிருந்தது. போன வருஷத்துக் குழந்தைக்கும் இருமல் வந்துதான் முடிந்தது என்பது அவருக்கு நினைவிருந்தது, இன்னாசிமேரிக்கும் நினைவிருக்கும். வழியிலிருக்கிற கீழப்பழூர் இன்னும் எவ்வளவு தூரம் என்று அவர் கேட்டார். இராமலிங்கம், "இந்தா வந்துருமுங்க" என்றார். அப்படி ஒன்றும் பக்கத்தில் இல்லை என்பது எல்லோருக்கும் தெரியும்.

திருமானூர் ரோட்டில் ஏறியதும் ஆட்டம் குறைந்தது. லீலா கண்ணைத் திறந்தாள். வலி விட்டிருந்தது போலத் தெளிவாக இருந்தாள்.

"அப்பா."

"சொல்லும்மா."

"அம்மா என் வாயப் பொத்திட்டாங்க. நான் சரியாத்தான் சொன்னேன்."

ஜெபமாலை மணி நகர்வது நின்றது. முன்னால் இராமலிங்கத்தின் முதுகு விறைத்து நிமிர்ந்தது.

"ஆமாம்மா. சரியாத்தான் சொன்ன."

"முழுசாச் சொல்லட்டுமா?" என்றாள். வேப்பமரத்தடியில் எழுந்து நிற்கிற அதே முகம். இருமல் வந்து அடங்கியது. பிறகு சொல்வதற்காக வாயைத் திறந்தாள்.

ஞானமுத்துவின் கை அவர் யோசிக்கும் முன்னால் போய்விட்டது. கசக்கிய இலையின் பச்சை ஒட்டிய உள்ளங்கையால் மகளின் வாயைப் பொத்திக்கொண்டார். அவள் ஆச்சரியத்தோடு அப்பாவையே பார்த்தாள். அவர் கைக்குள், ஈரமாகச் சில்லிட்டிருந்த அந்தச் சின்ன உதடுகள் மெல்ல அசைந்து, தெரிந்த விடையைச் சொல்லிக்கொண்டிருந்தன.