கிழித்தவள் பெயர்

என்னைப் பற்றிப் புத்தகம் எழுதியிருக்கிறார்கள். அதில் முப்பது பக்கம் என் பாணிக்கு மட்டும். கத்தரிக்கோலைத் தொடாமல் காகிதத்தை விரலால் கிழித்து உருவம் செய்கிறவன், கிழிந்த ஓரத்தின் வெள்ளை நாரிலேயே உயிரைக் காட்டியவன், ஈரானிய அனிமேஷனுக்குப் புது மூச்சு கொடுத்தவன் என்றெல்லாம். படிக்கும்போது காது சுடும். ஏனென்றால் முதலில் கிழித்தது நான் இல்லை, ஃபரங்கீஸ்.

நாற்பது வருடத்துக்கு முன்பு, தெஹ்ரானில் குழந்தைகளுக்குப் படம் எடுக்கும் ஒரு கூடத்தில் எங்களுக்குப் பக்கத்துப் பக்கத்து மேசை. ஓர் ஆடு உப்புப் பாலைவனத்தைக் கடக்கும் எட்டு நிமிடப் படம் என்னுடையது. கத்தரித்துச் செய்த என் ஆடு நடந்தால் கதவு திறந்து மூடுவது போலிருக்கும். ஒரு மாதம் மாரடித்தேன். ஃபரங்கீஸ் எட்டிப் பார்த்து, "தூராஜ், உங்க ஆட்டுக்குக் காலு இருக்கு, பயம் இல்ல," என்றாள். விரலை நாக்கில் தொட்டு, பழுப்புக் காகிதத்தை ஈரமாக்கிக் கிழித்தாள். ஒவ்வோர் அசைவுக்கும் ஆட்டைப் புதிதாகக் கிழிக்க வேண்டும் என்றாள். திரையில் ஓட்டிப் பார்த்தோம். ஓரங்கள் நடுங்கின, ஆடு பயந்தது. அடுத்த ஏழு மாதமும் அவள் ஆடுகளைக் கிழித்தாள், நான் கேமராவுக்கு அடியில் அடுக்கினேன்.

படத்தில் உழைத்தவர்களின் பெயர் அட்டை எழுதும் நாள் வந்தது.

"உங்க பேரை எப்படிப் போடட்டும்?" என்று கேட்டேன்.

"என் பேரெல்லாம் எதுக்கு? நான் என்ன பண்ணிட்டேன், நாலு காகிதம் கிழிச்சேன்."

இதற்கு என்ன பொருள் என்று எங்கள் ஊரில் பால் குடிக்கிற குழந்தைக்கும் தெரியும். விருந்தாளி பசியில் வந்திருந்தாலும் "வேண்டாம், இப்பத்தான் சாப்பிட்டேன்" என்பார். நாம் விடக் கூடாது. மூன்று முறையாவது வற்புறுத்தித் தட்டில் சோறு போட வேண்டும். முதல் மறுப்பிலேயே பானையை மூடுகிறவன் மனிதனே இல்லை. நான் மூடினேன். "சரி, உங்க இஷ்டம்," என்று சொல்லிவிட்டு, "உருவமும் இயக்கமும்: தூராஜ் சபூரி" என்று என் கையாலேயே எழுதினேன்.

படம் ஊர் ஊராகப் பரிசு வாங்கியது. அவளிடம் கற்றதை வைத்து மேலும் பதினோரு படம் எடுத்தேன். மாணவர்களுக்கும் சொல்லிக் கொடுத்தேன், சொந்தச் சரக்கு போல. அவள் கரஜ் நகரில் ஒரு பெண்கள் பள்ளிக்கு ஓவிய ஆசிரியையாகப் போய்விட்டாள்.

போன வியாழக்கிழமை எனக்குப் பாராட்டு விழா. அவளுக்கு நானே அழைப்பு அனுப்பியிருந்தேன். வந்தாள். தேநீர் மேசையருகே நிறுத்தி, பெண்களை மரியாதையாக அழைக்கும் 'கானும்' சேர்த்துப் பேசினேன்.

"ஃபரங்கீஸ் கானும், இன்னிக்கு மேடையில சொல்லிடப் போறேன். அது உங்க பாணின்னு."

சர்க்கரைக் கட்டியைப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டே சிரித்தாள். "நாப்பது வருஷமா நாக்குக்கு என்ன, சுளுக்கா?"

"வெக்கமா இருக்கு."

"அன்னிக்கு நீங்க இன்னொரு தடவை கேப்பீங்கன்னு வாசல் வரைக்கும் மெதுவாத்தான் நடந்தேன், தூராஜ். கோட்டுப் பொத்தானைக்கூட ரெண்டு தடவை கழட்டி மாட்டினேன்."



மேடையில் சொன்னேன். கண்டுபிடித்தது அவள், கிழித்தது அவள், நான் அடுக்கியவன் மட்டும் என்று பூசி மெழுகாமல் சொன்னேன். அரங்கம் ஒரு கணம் பார்த்தது, பிறகு கைதட்டியது.

தொகுப்பாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "பாத்தீங்களா? பெரிய மனுஷங்க இப்படித்தான் தன்னைத் தாழ்த்திக்குவாங்க."

"இது பணிவு இல்லப்பா, உண்மை," என்றேன். இன்னும் பலமாகத் தட்டினார்கள். பணிவுள்ளவனும் இதையேதான் சொல்லியிருப்பான், அவர்களைக் குறை சொல்லி என்ன பயன்?

தொகுப்பாளர் மூன்றாம் வரிசைக்குப் போய் இன்னொரு மைக்கை அவளிடம் நீட்டினார். "கானும், நீங்களே சொல்லுங்க."

எல்லாத் தலைகளும் திரும்பின. நாலு பேர் முன்னால், ஆமாம், எல்லாம் நான்தான் என்று சொல்கிற வளர்ப்பா அவளுடையது? எழுந்தாள். "நான் யாருங்க? எல்லாம் உஸ்தாதோட பெரிய மனசு," என்று என்னை ஆசானாக்கினாள். உட்கார்ந்து என்னையே பார்த்தாள்.

மைக் என் வாயருகே இருந்தது. விடாதே, மறுபடி சொல், கையைப் பிடித்து மேடைக்கு அழைத்து வா என்று மனம் அடித்துக்கொண்டது. அதற்கும் அடியில் வேறொன்று இருந்தது. சொல்லவே கூசுகிறது. அவள் மறுத்ததும் எனக்கு நிம்மதியாக இருந்தது.

கையை நெஞ்சில் வைத்து, கைதட்டலுக்குக் குனிந்தேன்.