கலங்கலிடம் விடைபெறும் முறை

ஐந்தருவிக்கு மேலே பாறை இடுக்கு ஒன்று உண்டு. சாரல் மாதங்களில் அதன் வழியாகக் கலங்கலுக்குள் போகலாம். ஒன்பது உலகங்களையும் சேர்த்துத் தைத்தவன் ஓரிடத்தில் தையலை விட்டுவிட்டுச் சாப்பிடப் போய்விட்டான், அந்த ஓட்டைதான் கலங்கல் என்று வருகிறவர்களிடம் சொல்வேன். நானே இட்டுக்கட்டியது. ஆட்டோ ஓட்டிக்கொண்டே வழிகாட்டியாகவும் இருப்பவனுக்கு இப்படி ஏதாவது ஒன்று கைவசம் வேண்டும். பெயர் முகம்மது ரபீக். சவூதியில், தம்மாமில் ஏழு வருடம் இருந்துவிட்டு, கொண்டுபோன அதே பெட்டியோடு திரும்பி வந்தவன்.

கலங்கலில் எதுவும் எதுவாகவும் நிலைக்காது. நாம் சொல்லும் சொல்தான் அதற்குப் பிடிமானம். ‘மரம்’ என்றால் மரமாக நிற்கும். அடுத்த மூச்சுக்குள் அதற்கே சந்தேகம் வந்துவிடும். வெளியே வருவதும் அப்படித்தான். ‘போறேன்’ என்று அவரவர் வாயால் சொன்னால்தான் இடுக்கு திறக்கும். இதை உள்ளே நுழையுமுன் எல்லோரிடமும் சொல்லிவிடுவேன். அந்த வியாழக்கிழமை அவசரத்தில் மறந்துபோனேன்.

வந்தவர் வீரகேரளம்புதூர் வடிவம்மாள் அக்கா. கணவர் ரவி அண்ணாச்சிக்குத் தென்காசியில் மூன்று மணிக்கு இருதய ஆபரேஷன். கலங்கல் எப்படி இருக்கும் என்று தெரியாமல் தியேட்டருக்குள் வரமாட்டேன் என்று அவர் கட்டிலைப் பிடித்துக்கொண்டாராம்.

“முப்பது வருசமா கூட்டிட்டுப் போவேம்னு சொன்ன மனுசன். இப்ப நீ பாத்துட்டு வந்து சொல்லுங்காரு. மூணு கேள்வி வேற” என்று மருந்துச் சீட்டின் பின்பக்கத்தைக் காட்டினார்.

மணி ஒன்றேகால். உள்ளே போனோம்.

முதல் கேள்வி, அங்கே நிழல் உண்டா? அக்கா “நிழலு” என்றார். தரையில் நிழல் விழுந்தது. அதைத் தேடிக்கொண்டு பிறகு ஒரு மரம் வந்தது, பஸ்ஸைத் தவறவிட்டவனைப் போல.

இரண்டாவது, வாசனை. அக்கா மூக்கை உறிஞ்சினார். “மழைக்கு முந்தி ஒரு மண் வாசம் வருமே, அது. ஆனா மழை எங்கன?”

மூன்றாவது, ஆள் உண்டா? “ஆளு” என்றார். மூடுபனி திரண்டு இரண்டு காலில் நின்றது. முகம் இல்லை. தான் யார் என்று இவர்களாவது சொல்லமாட்டார்களா என்பதுபோல எங்கள் பக்கம் சாய்ந்தது. நான் அக்காவுக்குப் பின்னால் போய்விட்டேன்.

“ஏலே, நீதான கைடு?”

“அதான் பின்னால இருந்து வழி காட்டுதேன்.”

அக்கா எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார். சீட்டை மடித்து, அந்த உருவத்திடம் மரியாதையாக, “சரிப்பா, வாரேன்” என்றார்.

இடுக்கு திறந்தது. காலை வைத்தோம். மறுபடி கலங்கலுக்குள்தான் வந்து நின்றோம். வருகிறேன் என்கிறவரை அது எப்படி வெளியே அனுப்பும்?

“அக்கா, வாரேன்னு சொல்லக் கூடாது. அதுக்கு எதிர்ப்பதம்தான் சொல்லணும்.”

“மனுசன் ஆபரேசனுக்குப் படுத்திருக்காரு. இன்னைக்குப் பாத்து அந்த வார்த்தைய என் வாயால சொல்லவா? மாட்டேன்.”

“பை” என்று சொல்லச் சொன்னேன். மஞ்சள் துணிப்பை ஒன்று வந்து விழுந்தது. “கெளம்புதேன்” என்றார். இரண்டடி உயரக் கிளம்பி அந்தரத்தில் நின்றார்.

“ஏலே, எறக்கி விடுலே.”

அந்தச் சொல்லுக்கே இறங்கினார். மணி இரண்டைத் தாண்டியிருந்தது. துணிப்பையின் மேல் உட்கார்ந்து முகத்தைத் திருப்பிக்கொண்டார். “நான் இல்லாம அவரு உள்ள வரமாட்டேம்பாரு. டாக்டர் இன்னைக்கு விட்டா ஆகாதுன்னுட்டாரு.” எனக்குக் கிண்டல் எதுவும் வரவில்லை. வருடத்துக்கு ஒருமுறை அப்படி ஆகும்.

“அக்கா, வாரேன்னு யார்கிட்ட சொன்னீங்க?”

“இந்தா நிக்கே, இதுகிட்டதான்.”

“அதான் இதுகிட்டயே வாரோம். அண்ணாச்சிகிட்ட சொல்லிப் பாருங்க.”

அக்கா எழுந்தார். கலங்கலில் திசை கிடையாது. ஆனாலும் ஒரு பக்கம் திரும்பி, அதுதான் தென்காசி என்பதுபோல நின்று, அடுக்களையிலிருந்து குரல் கொடுப்பதுபோலச் சொன்னார்: “என்னங்க, இந்தா வாரேன்.”

பாறை பஸ் நுழையும் அகலத்துக்குத் திறந்தது. அக்கா வெளியே நின்றார்.

நான் மட்டும் உள்ளே. ஆறு வருடமாக ‘போறேன்’ என்று சொல்லி வெளியேறுகிறவன்தான். வாரேன் என்று சொல்ல வெளியே ஆள் வேண்டுமே. எனக்குப் பார்த்த பெண்கள் எல்லாம் என்னைப் பார்த்ததோடு சரி. வழக்கமான சொல்லுக்கு வாயைத் திறந்தேன்.

“ஏலே ரபீக்கு, அங்கன என்னலே பண்ணுத? ஆட்டோவ நானா ஓட்டுவேன்?”

“வாரேங்க்கா” என்றேன். சொல்லி முடிப்பதற்குள் சாரல் முகத்தில் அடித்தது.

மூன்றுக்கு எட்டு நிமிடம் இருக்கையில் வார்டுக்குள் ஓடினோம். அண்ணாச்சி கட்டில் கம்பியை விடவில்லை. அக்கா மூச்சிரைக்க மூன்று பதில்களையும் படித்தார். அண்ணாச்சி கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, “அந்த ஆளுக்குப் பேரு ஏதும் சொன்னியா?” என்றார்.

“இல்ல. மறந்துட்டேன்.”

“பாவம்டி. பேரில்லாம நிக்குமே.” கண்ணைத் திறந்து அக்காவைப் பார்த்தார். “ரெண்டு பேரும் போயிதான் பேரு வைக்கணும்” என்று சொல்லிவிட்டு, கம்பியிலிருந்து ஒவ்வொரு விரலாக எடுத்தார்.