இடப்பக்க மடிப்பு

காலை ஐந்தரை மணி. நான்காம் மாடித் தகரக் கூரைக்குக் கீழே நேற்றைய வெக்கை இன்னும் வெளியேறாமல் நின்றது. தையல் பட்டறையின் பதினேழு பேரும் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். தையல் எந்திரங்கள் ஓடத் தொடங்கிவிட்டன. பெரு நாட்டு லீமாவில், கமாரா என்னும் துணிக்கடை வட்டாரத்தில், சேவல் கூவி யாரும் எழுந்ததில்லை. எந்திரம் கத்தினால் விடிந்துவிட்டது என்று எடுத்துக்கொள்ள வேண்டியதுதான்.

டெல்மிரா சியூ பொத்தான் மேசையில் குனிந்திருந்தாள். சிவப்பு சாட்டினைச் சாய்வாக விரலளவு கீற்றுகளாக வெட்டி, குழலாகத் தைத்து, உள்ளே கம்பி விட்டு இழுத்துப் புரட்டி, அந்தக் கயிற்றைப் பின்னிக் குறட்டால் இறுக்கினால் ஒரு முடிச்சுப் பொத்தான். ஒரு சீனச் சட்டைக்கு ஆறு பொத்தான். கணுக்கால் வரை நீளும் அந்த மாதிரி உடுப்புகள் நூற்றிருபது தைக்க வேண்டும். அவள் விரல் நுனிகள் மரத்துப்போய் நாலு வருஷம் ஆகிறது. ஊசி ஏறினால் ரத்தத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வாள்.

மரத்தது விரல் மட்டுமல்ல. மகன் வேலை தேடிச் சிலே நாட்டுக்குப் பஸ் ஏறியபோது அவளுக்கு அழுகை வரவில்லை. போன வருஷம் வாடகை வீட்டிலிருந்து சாமான்களைத் தெருவில் வைத்தார்கள். அவள் அவற்றின் மேலேயே உட்கார்ந்து ரொட்டி தின்றாள். யாராவது எப்படி இருக்கிறாய் என்று கேட்டால் "இருக்கேன்" என்பாள். அதற்கு மேல் சொல்ல அவளிடம் ஒன்றும் இருக்கவில்லை.

அவள் அப்பா சீனாவின் கான்டனிலிருந்து வந்த குடும்பத்தில் பிறந்த சமையல்காரர். அம்மா பெருவின் மலைநாட்டுக்காரி. அதனால் கடையில் இருக்கிறவர்களுக்கு அவள் "சீனாக்காரி". சீனத் தெருவிலிருந்து அளவு கொடுக்க வரும் சீமாட்டிகளுக்கு "அந்த மலைக்காரி". முப்பது வருஷமாகச் சீன உடுப்புக்குப் பொத்தான் முடிகிறவள் ஒருநாள் கூட அதை உடுத்திப் பார்த்ததில்லை. உடுத்திக்கொண்டு எங்கே போவது?

ஒன்பது மணிக்கு முதலாளி அவ்ரேலியோ லூ மேலே வந்தார். கூடவே சீனச் சங்கத்துத் தலைவி கூ அம்மாள், எழுபது வயது, கையில் விசிறி. வரும் ஞாயிற்றுக்கிழமை சீனப் புத்தாண்டு ஊர்வலம். சங்கத்துப் பெண்கள் நூற்றிருபது பேரும் ஒரே மாதிரிச் சிவப்பில் நடக்க வேண்டும். வீட்டில் சீனம் பேச மறந்துபோன குடும்பங்கள் அன்று ஒருநாளாவது சீனர்களாகத் தெரிய வேண்டுமே!

முடிந்த உடுப்பு ஒன்றை எடுத்து முதலாளி கூ அம்மாளின் தோளில் வைத்துக் காட்டினார். கிழவி கண்ணாடியில் பார்த்தாள். குனிந்து மார்பைப் பார்த்தாள். விசிறி கீழே விழுந்தது.

"யாரு செத்துட்டா?" என்றாள்.

"என்னம்மா சொல்றீங்க?"

"இதை யாருக்குடா தைச்சே? பொணத்துக்கா?" உடுப்பை உதறிக் கீழே எறிந்தாள். "மடிப்பு எந்தப் பக்கம் போகுது பாரு! உசிரோட இருக்கறவங்களுக்கு வலது அக்குள்ல முடியணும். எடது பக்கம் மூடறது செத்தவங்களுக்கு. நூத்தி இருபது பொம்பளைங்களையும் பொணமாக்கி ஊர்வலம் விடப் பாத்தியா, புது வருஷத்தன்னிக்கு?"

அவ்ரேலியோ லூ குனிந்து உடுப்பை எடுத்து மடிப்பைப் புரட்டிப் பார்த்தார். மூன்று தலைமுறையாகப் பெருவில் இருக்கிற குடும்பம். சீனத்தில் அவருக்குத் தெரிந்தவை சாப்பாட்டுப் பெயர்களும் நாலு வசவுகளும்தான். வாசலில் தங்க நிறத்தில் டிராகன் மாட்டியிருக்கிறார், அவ்வளவே.

"சனிக்கிழமைக்குள்ள எல்லாத்தையும் மாத்தித் தரேம்மா," என்று கும்பிடாத குறையாகச் சொன்னார். "எவன் செஞ்சான்னு பாத்து அவனையும் விடமாட்டேன்."

"எவன் செஞ்சான்னு எனக்கும் தெரியணும். சாயங்காலம் ஆளை என் முன்னால நிறுத்து," என்று சொல்லிவிட்டுக் கிழவி இறங்கிப் போனாள்.

துணி வெட்டுகிறவர் இலாரியோ. ஐம்பத்தெட்டு வயது, உவான்காவெலிகா மலையூர்க்காரர், கமாராவில் இருபத்தாறு வருஷக் கத்தரி. முதலாளி அவரிடம்தான் நேராகப் போனார்.

"யோவ், என் குடும்ப மானத்தையே வெட்டிட்டியேய்யா!"

"நீங்க குடுத்த படத்தைப் பாத்துத்தானே வெட்டினேன் முதலாளி. சுவத்துல இருக்கே." இலாரியோ கைகாட்டினார். பனாமாவில் இருக்கும் முதலாளியின் ஒன்றுவிட்ட தங்கை, இதே மாதிரி உடுப்பில் நிலைக்கண்ணாடி முன் நின்று கைப்பேசியில் தன்னைத்தானே எடுத்து அனுப்பிய படம். கண்ணாடியில் வலம் இடமாகிவிடும் என்பதை அனுப்பியவளும் யோசிக்கவில்லை, வாங்கியவரும் யோசிக்கவில்லை. "முந்தின வருஷம் வேற பக்கம் போச்சேன்னு அன்னிக்கே கேட்டேன். கத்தரிக்குத்தான் சம்பளம், மூளைக்கு இல்லேன்னீங்க."

"எதுத்துப் பேசறியா? இன்னியோட நின்னுக்கோ. கமாரா பூரா உன் பேரைச் சொல்லி வைக்கறேன், எந்தக் கடையிலயும் நீ கத்தரி பிடிக்க மாட்டே." பிறகு எல்லோர் பக்கமும் திரும்பினார். "முன்பக்கம் அத்தனையும் புதுசா வெட்டித் தைக்கணும். சனிக்கிழமை வரை ராப்பகலா. இது உங்க தப்பு, அதனால கூலி கிடையாது."

முதலாளி பொத்தான் மேசைக்கு வந்து குரலைத் தாழ்த்தினார். காரியம் ஆக வேண்டியிருந்தால் மட்டும் அவருக்கு டெல்மிரா உறவுக்காரி ஆகிவிடுவாள்.

"டெல்மிரா, நீ நம்ம ரத்தம். சாயங்காலம் கூ அம்மா வரும்போது நீ ஒரு வார்த்தை சொன்னாப் போதும். மலைக்காரனுக்கு நம்ம வழக்கம் தெரியாது, அவனா வெட்டிட்டான்னு. அவன் போனப்புறம் மேற்பார்வை உனக்குத்தான். சம்மதமா?"

டெல்மிரா தலையாட்டினாள். ஆட்டியது கழுத்து, அவளல்ல என்று சொன்னால் நம்பலாம். அவள் கழுத்துக்கு அது பழகிப்போன வேலை.

மத்தியானம் எந்திரங்கள் நின்றன. எல்லோரும் துணிக் கட்டுகளின் மேல் உட்கார்ந்து பொட்டலம் பிரித்தார்கள். இஸ்திரி போடும் பசிலியா தன் அவித்த உருளைக்கிழங்கில் பாதியை எப்போதும்போல டெல்மிராவின் மடியில் வைத்தாள்.

"தின்னு சீனாக்காரி. மேற்பார்வை ஆனப்புறம் எங்க கிழங்கெல்லாம் உனக்கு எறங்குமா?" என்றாள். முதலாளி தாழ்ந்த குரலில் சொன்னது எல்லோர் காதிலும் விழுந்திருந்தது போலும்.

இலாரியோ சாப்பிடவில்லை. தன் கத்தரியை எண்ணெய் போட்டுத் துடைத்து, பழைய கம்பளித் துண்டில் சுற்றிக்கொண்டிருந்தார். டெல்மிராவைப் பார்த்தும் அவர் ஒன்றும் கேட்கவில்லை. ஒரு கேள்வி கேட்டிருந்தால், ஒரு வசவு வைதிருந்தால் அவளுக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவரோ தண்ணீர் பாட்டிலை அவள் பக்கம் நகர்த்தி வைத்தார், வெக்கைக்கு.

"எனக்கு மொதல் நாளே தெரியும்," என்றாள் டெல்மிரா.

"என்ன தெரியும்?"

"எடது பக்கம் பொணத்துக்குன்னு. எங்கப்பா செத்தப்போ நாந்தான் உடுத்தி விட்டேன். சங்கத்துலேந்து வந்த பெரியவர் சொன்னாரு, எடது பக்கமா மூடும்மா, இனிமே அவன் அவுக்க வேண்டியதில்லேன்னு. இலாரியோ அண்ணன் வெட்டின மொதல் துண்டு என் மேசைக்கு வந்தவுடனே தெரிஞ்சுபோச்சு."

பசிலியாவின் கையில் கிழங்கு அப்படியே நின்றது. "தெரிஞ்சும் பதினோரு நாளா பொத்தான் முடிஞ்சுட்டு இருந்தியா? ஏண்டி சொல்லல, படுபாவி?"

டெல்மிரா சுவரைக் காட்டினாள். வேலை நேரத்தில் பேசினால் அரை நாள் கூலி பிடிக்கப்படும் என்று முதலாளி எழுதி ஒட்டிய அட்டை அங்கே இருந்தது. மூன்று வருஷத்துக்கு முன் கழுத்துப்பட்டைப் பசை சாட்டினில் கறை விடும் என்று அவள்தான் எச்சரித்தாள். பேசியதற்கு அரை நாள் போயிற்று. கறை விட்டதற்கு இன்னொரு அரை நாள் போயிற்று.

"அது மட்டுமில்ல," என்றாள். "சொல்லணும்னே தோணல. நடக்கறது நடக்கட்டும்னு இருந்துட்டேன். உங்க தலையில விடியும்னு அப்போ நினைக்கல அண்ணே. நினைக்கறதையே விட்டுட்டேன்."

பசிலியா கையை ஓங்கிவிட்டாள். அடி விழவில்லை. இலாரியோ சிரித்ததுதான் காரணம். சிரிப்பில் சந்தோஷம் ஒன்றுமில்லை.

"ஓங்காதே பசிலியா. முதலாளி நம்ம மௌனத்தைக் கேட்டாரு, நாம குடுத்தோம். பதினேழு பேர் வாயையும் தைச்சு வெச்சாரு. நான் ஒருதரம் கேட்டேன், அதட்டினாரு, நானும் பொத்திக்கிட்டேன். இவ ஒரு தடவை கூடச் சொல்லல, நான் ஒரு தடவையோட நிறுத்திட்டேன். பெரிய வித்தியாசமா?"

"இப்போ என்ன பண்றது?" என்று தையல்காரி ஒருத்தி கேட்டாள். "ராத்திரியெல்லாம் சும்மா தைச்சுக் குடுத்துட்டு அண்ணனையும் அனுப்பிடறதா?"

"தைக்காம இருக்கறது," என்றாள் பசிலியா. இந்த வார்த்தை அந்த மாடியில் அதுவரை கேட்காத வார்த்தை. சொன்னவளே சுற்றுமுற்றும் பார்த்துக்கொண்டாள்.

ஒரு மணிக்கு எந்திரம் ஓட வேண்டும். ஓடவில்லை. கீழே கணக்கறையில் இருந்த முதலாளிக்குச் சத்தம் நின்றதுதான் பெரிய சத்தமாகக் கேட்டிருக்க வேண்டும். நாலு மணிக்கு கூ அம்மாளோடு அவர் படியேறி வந்தபோது பதினேழு பேரும் எந்திரத்துக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார்கள்.

"டெல்மிரா, அம்மாகிட்ட சொல்லு," என்றார் முதலாளி, மற்றவர்களைப் பார்க்காமல்.

டெல்மிராவுக்குப் பயமாக இருந்தது. இத்தனை வருஷம் எங்கோ போயிருந்த பயம் திரும்பி வந்ததில் அவளுக்கே ஆச்சரியம்.

"படம் கண்ணாடியில எடுத்ததும்மா," என்றாள். "அதைக் குடுத்து இப்படியே வெட்டச் சொன்னது முதலாளி. வெட்டினவர் சந்தேகம் கேட்டாரு, திட்டு வாங்கினாரு. எனக்குச் சம்பிரதாயம் தெரியும், நான் சொல்லல. அது என் தப்பு. அவர் தப்பில்ல."

"சீன ரத்தம் ஓடற எவளாவது இதைப் பாத்துட்டு வாயை மூடிட்டு இருப்பாளாடி?" முதலாளி கத்தினார்.

"ரத்தத்துக்கு நீங்க கூலி குடுக்கல முதலாளி. வாய மூடறதுக்குத்தான் குடுத்தீங்க. மூடிட்டு இருந்தேன்."

பின்னாலிருந்து யாரோ ஒருத்தி களுக்கென்று சிரித்துவிட்டாள். கூ அம்மாள் சிரிக்கவில்லை. சுவரில் இருந்த படத்தருகே போய்க் கண்ணை இடுக்கிப் பார்த்தாள், பனாமாக்காரி கையிலிருந்த கைப்பேசியைப் பார்த்தாள். "ஞாயித்துக்கிழமை எனக்கு உடுப்பு வேணும் அவ்ரேலியோ. உன் வீட்டுச் சண்டை எனக்கு வேண்டாம்," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினாள். அவளிடமிருந்து அதற்கு மேல் நியாயம் எதிர்பார்த்தால் அது எதிர்பார்த்தவர் குற்றம்.

"அண்ணன் போகக் கூடாது. திருப்பித் தைக்கற நாளுக்குக் கூலி வேணும். அந்த அட்டையை எடுக்கணும்," என்றாள் பசிலியா. "இப்போ சரின்னா இப்போவே உக்காருவோம்."

"கமாராவுல தையல்காரிக்கா பஞ்சம்? நாளைக்குக் காலையில பதினேழு பேர் இந்த நாற்காலியில உக்காந்திருப்பாங்க. வெளிய போங்க எல்லாரும்!"

மறுநாள் ஐந்து மணிக்கு டெல்மிரா பஸ்ஸிலிருந்து இறங்கினாள். வழியெல்லாம் ஒரே நினைப்புத்தான்: யாரும் வரமாட்டார்கள், நான் மட்டும் நிற்பேன். கட்டடத்து வாசலில் மூலிகைக் கசாயம் விற்கிறவரின் தள்ளுவண்டி ஆவி விட்டுக்கொண்டிருந்தது. வண்டியோரம் கையில் தம்ளருடன் இலாரியோ. பக்கத்தில் பசிலியா. அப்புறம் படிக்கட்டு நெடுக, ஒவ்வொரு படியிலும் ஆள். எண்ணிப் பார்த்தாள், அவளோடு சேர்த்துப் பதினாறு. ஒருத்தி வரவில்லை, மூன்று கைக்குழந்தைகள் உள்ளவள், அவளை யாரும் குறை சொல்லவில்லை.

ஐந்தரை மணிக்கு முதலாளி சொன்ன புது ஆட்கள் வந்தார்கள். பதினேழு பேர் இல்லை, ஆறு பெண்கள், சாப்பாட்டுப் பொட்டலத்தோடு. முன்னால் வந்தவள் படியில் உட்கார்ந்திருந்தவர்களைப் பார்த்து நின்றாள்.

"மேல தையல் வேலை இருக்குன்னாங்க. நாலு நாள் ராப்பகல் வேலையாம். போலாமா?"

டெல்மிரா வழியை மறிக்கவில்லை. ஒதுங்கி, ஒரு ஆள் போகும் அளவுக்கு இடம் விட்டாள்.

"போலாம். யாரும் கையப் பிடிக்க மாட்டோம். அந்த வேலை எங்களுது, அதை மட்டும் தெரிஞ்சுக்கிட்டுப் போ. தப்பு முதலாளி பண்ணது, தண்டனை இவருக்கு." இலாரியோவைக் காட்டினாள். "நாளைக்கு உனக்கு."

அந்தப் பெண் மேலே பார்த்தாள். நான்காம் மாடி ஜன்னலில் முதலாளி நின்று கையை ஆட்டி ஆட்டிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். அவள் பின்னால் இருந்த ஐந்து பேரும் அவள் முகத்தையே பார்த்தார்கள். ரெண்டு பேர் சட்டென்று தலையைக் குனிந்துகொண்டு இடைவெளி வழியாக ஏறிப் போனார்கள். யாரும் அவர்களைத் திட்டவில்லை.

முன்னால் நின்றவள் இன்னும் ஏறவில்லை.

"எனக்கும் வாடகை குடுக்கணும்க்கா," என்றாள், கோபமாக.

"எனக்கும்தான்," என்றாள் டெல்மிரா.

வந்தவள் முணுமுணுத்துக்கொண்டே, டெல்மிரா ஒதுக்கிய அந்த இடத்தில் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். மற்ற மூவருக்கும் இடம் வேண்டியிருந்தது. படியில் இருந்தவர்கள் எல்லோரும் கொஞ்சம் கொஞ்சம் நகர்ந்து கொடுத்தார்கள்.