‘கட்’ சொன்ன பிறகு

இருபத்தாறு வருஷத்தில் நான் வெட்டி ஒட்டாதது எதுவுமில்லை. கல்யாண வீடியோ, சோப்பு விளம்பரம், திமிங்கில ஆவணப்படம், எட்டு முழுநீளப் படங்கள். எந்தக் குப்பையைக் கொடுத்தாலும் படமாக்கிவிடுவாள் என்று எனக்குப் பெயர். அந்தத் திமிரில்தான் தங்கை இயக்கிய முதல் படத்துக்கு எடிட்டராகவும் தயாரிப்பாளராகவும் ஆனேன்.

மகள் வேலைக்காகத் தூரதேசம் போகிறாள், தாய் வாசலில் நின்று வழியனுப்புகிறாள். அவ்வளவுதான் கதை. தாயாக நடித்தது எங்கள் அம்மா.

தயாரிப்பாளர் ஆனதும் எனக்குத் தலைகால் புரியவில்லை. முதல் நாளே சட்டம் போட்டேன்.

“கட் சொன்ன அடுத்த நொடி கேமரா நிக்கணும். ஹார்ட் டிஸ்க் என்ன உங்க அப்பன் வீட்டுச் சொத்தா?”

எடிட்டிங்கில் உட்கார்ந்தபோதுதான் வினை புரிந்தது. கடைசி ஷாட்டில் கார் போகிறது, அம்மா பஸ்ஸுக்குக் காத்திருப்பவள்போல் நிற்கிறாள், ‘கட்’, இருட்டு. ‘கட்’டுக்குப் பிறகும் கேமரா ஓடி மிஞ்சும் இரண்டு நொடியில்தான் எடிட்டர் பிழைப்பே ஓடுகிறது. ஊருக்கெல்லாம் அதைச் சொன்னவள், என் தலையில் நானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டேன்.

படத்தைத் தேர்ந்தெடுத்திருந்த திரைப்பட விழாக்காரர்களும் விடவில்லை. முடிவு சப்பென்று இருக்கிறதாம், வெள்ளிக்கிழமைக்குள் சரிசெய்யாவிட்டால் எங்கள் இடம் வேறு படத்துக்குப் போய்விடுமாம். மறுபடி எடுக்கலாமென்றால், அம்மா இதற்குள் பல்லையெல்லாம் பிடுங்கிப் புது செட் மாட்டியிருந்தாள். முகமே வேறு.

“உன் சட்டம்தானே, நீயே அனுபவி” என்று தங்கை என்னோடு பேச்சை நிறுத்திக்கொண்டாள்.

வியாழக்கிழமை காலை, மைக் ஒன்றைத் திருப்பிக் கொடுக்க, படத்துக்கு ஒலிப்பதிவு செய்த சவுண்டுக்காரர் வந்தார். புலம்பினேன்.

“என் ஃபைலைக் கடைசி வரைக்கும் கேட்டீங்களா மேடம்?”

“கட்டோட முடிஞ்சிருக்குமே?”

“சட்டம் கேமராவுக்குத்தானே போட்டீங்க?”

தங்கையை உடனே வரச் சொன்னேன். உர்ரென்று வந்து உட்கார்ந்தாள். ஒலிப்பதிவை ஓட விட்டேன். தங்கையின் ‘கட்’. ஆட்கள் சாமான்களைத் தூக்கிக்கொண்டு நகரும் சத்தம். கதவு சாத்தப்பட்டது. பிறகு, புடவையில் குத்திய மைக்குக்கு மிக அருகில், அம்மாவின் குரல்.

“சின்னவ கட்டுன்னுட்டா, பெரியவ கேமராவ நிறுத்திட்டா. நான் எப்பப்பா அழறது?”

“அழுங்கம்மா. நான் ஓட விட்டிருக்கேன்” என்றது சவுண்டுக்காரரின் குரல்.

அம்மா அழுதாள். நடிப்பெல்லாம் இல்லை. நான் இருபது வயதில் பெட்டியோடு கிளம்பியதற்கும், ஐந்து வருஷம் கழித்து இவள் கிளம்பியதற்கும் சேர்த்து அழுதாள். அன்று இருவருமே திரும்பிப் பார்க்கவில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது.

தங்கை மூக்கை உறிஞ்சினாள். பேச்சு இரண்டையும் எடுத்துவிட்டு, கறுப்புத் திரையில் அந்த அழுகையை மட்டும் வைத்தேன்.

“எவ்ளோ நேரம்க்கா விடலாம்? ஜனங்க எழுந்து போயிடுவாங்களே.”

“போனா போகட்டும்” என்றேன். “அம்மா முடிக்கட்டும்.”