ஏரோது ராஜாவும் மைக் வயரும்

போன கிறிஸ்மஸ் நாடகத்தில் சுவிசேஷமுத்துதான் யோசேப்பு. சத்திரக்காரனிடம் இடம் கேட்க வேண்டிய கட்டத்தில் வசனம் மறந்துபோய், பக்கத்திலிருந்த அட்டைக் கழுதையைப் பார்த்துக்கொண்டு திருதிருவென விழித்தான். அன்றிலிருந்து நியூ ஜெர்சி தமிழ்ச் சபையில் அவனுக்குப் பெயர் ஊமை யோசேப்பு. ஐசலின் மளிகைக் கடையில் வெண்டைக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தால்கூட, சபையின் தேவதாஸ் எங்கிருந்தாவது முளைத்து, "என்ன யோசேப்பு, ரேட் கேக்க டயலாக் வரலியா?" என்பான். முத்துவும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டு, வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் படுத்துக்கொள்வான்.

இந்த எண்பத்து நாலாம் வருஷத்து நாடகத்தை எழுதி இயக்கியவள் அவன் மனைவி ஜெயலீலா. துணிச்சல்காரி. ஏரோது ராஜா வேஷத்தை அவனுக்கே கொடுத்தாள்.

"நான் மாட்டேன் லீலா. இன்னொரு தடவை மறந்துச்சுன்னா நாம டெக்சஸுக்கே மூவ் பண்ண வேண்டியதுதான்."

"மூவ் பண்ணலாம். மொதல்ல டயலாக்கை மனப்பாடம் பண்ணுங்க."

இந்தப் புலம்பல் பக்கத்து வீட்டு ஹாக்ஸ்டன் காதுக்கும் போனது. மகள் வீட்டோடு வந்து தங்கிவிட்ட கிழவர் அவர், ஆங்கிலேயர். முத்து முதல் முறை 'அங்கிள்' என்று கூப்பிட்டபோது திடுக்கிட்டவர், இப்போது அப்படிக் கூப்பிடாவிட்டால்தான் கோபித்துக்கொள்வார். டெலிவிஷன் புதிதாக வந்த காலத்தில் லண்டனில் டிவி நாடகங்களில் நடித்தவர். கதாநாயகன் வேஷம் ஒருநாளும் கிடைத்ததில்லை. போலீஸ்காரர், சமையல்காரர், தபால்காரர், சாட்சி சொல்ல வந்தவர் என்று வாரம் ஒரு மீசை. அப்போதெல்லாம் எதையும் பதிவு செய்து வைக்க மாட்டார்களாம். நடிக்க நடிக்க நேராக வீடுகளுக்குப் போய்விடும். அவர் நடித்ததில் ஒரு துண்டுகூட இன்று மிச்சமில்லை.

"வசனம் மறந்தா என்ன பண்ணுவீங்க அங்கிள்?" என்று கேட்டான் முத்து.

அதற்கு ஒரு பொத்தான் இருந்ததாம். நடிகர் திணறினால் ஓரத்தில் நிற்பவர் அதை அழுத்துவார். ஒலி நின்றுவிடும். அந்த இடைவெளியில் வசனத்தை எடுத்துக் கொடுப்பார்கள். வீட்டில் பார்ப்பவர்கள் டிவி பெட்டிதான் கெட்டுவிட்டது என்று அதன் தலையில் நாலு தட்டு தட்டுவார்கள்.

ஒரு நாடகத்தில் கிழவரே சாட்சிக் கூண்டில் நின்று திணறினாராம். பொத்தான்காரர் வேறெங்கோ பார்த்துக்கொண்டிருந்தார். திறந்த வாயை ஊரே பார்த்தது. அப்புறம் யாரும் வேஷத்துக்குக் கூப்பிடவில்லை.

"உனக்கு நான் பொத்தான் அழுத்துகிறேன்" என்றார் கிழவர். முத்துவுக்கு வயிற்றில் பாலை வார்த்ததுபோல் இருந்தது.

ஏற்பாடு எளிதானது. மேடை ஓரத்தில் ஜெயலீலா வசனத்தோடு நிற்பாள். கிழவர் மைக் வயர் அருகே உட்கார்ந்திருப்பார். முத்து திணறினால் வயரைப் பிடுங்குவார், அவள் வசனத்தை எடுத்துக் கொடுப்பாள். கிழவருக்குத் தமிழ் தெரியாதே என்று இருவருக்கும் தோன்றாமலில்லை. திணறுகிற முகம் தனக்குத் தெரியும் என்றுவிட்டார் அவர்.

கிழவர் இருக்கிறார் என்ற தைரியத்திலேயே முத்துவுக்கு வசனம் தண்ணீர்பட்ட பாடாகிவிட்டது. அதோடு நிற்காமல், குளியலறைக் கண்ணாடி முன் நின்று புதிதாக ஒரு நடிப்பையும் சேர்த்துக்கொண்டான். புது ராஜா பிறந்திருக்கிறார் என்று கிழக்கிலிருந்து வந்த சாஸ்திரிகள் சொன்னதும், ஏரோது சட்டென்று உறைந்துபோய், வாயைத் திறந்தபடி சற்று மௌனமாக நிற்பது. இதை அவன் யாரிடமும் சொல்லவில்லை.

நாடகத்தன்று சாயங்காலம் சர்ச் ஹால் நிரம்பி வழிந்தது. சாஸ்திரிகள் வந்தார்கள், சேதியைச் சொன்னார்கள். ஏரோது உறைந்தான். வாயைத் திறந்தான். ஹால் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தது. அற்புதமான மௌனம்.

கிழவர் வயரைப் பிடுங்கினார்.

"மகா ஏரோதுவாகிய எனக்கு..." என்று முத்து ஆரம்பித்தபோது மைக்கில் சத்தமே இல்லை.

சபையில் பாதிப் பேர் இன்ஜினியர்கள். ஒரு மைக் செத்துப்போனதைப் பார்த்துக்கொண்டு உட்கார அவர்களால் ஆகுமா? "மைக்! மைக்!" "லூஸ் கனெக்‌ஷன்!" "ஆம்ப்ளிஃபையரை செக் பண்ணுப்பா!" என்று ஆளாளுக்கு எழுந்து மேடையில் ஏறிவிட்டார்கள். எல்லாருக்கும் முன்னால் தேவதாஸ், கையில் ஸ்க்ரூட்ரைவரோடு. கிறிஸ்மஸுக்கு ஸ்க்ரூட்ரைவரைப் பையில் போட்டுக்கொண்டு வருகிற ஆள்!

முத்துவுக்கு வந்ததே கோபம். பயம் போன இடம் தெரியவில்லை. மைக்கை ஒதுக்கிவிட்டுத் தொண்டை கிழியக் கத்தினான்.

"யாரடா அங்கே! என் அனுமதியின்றி அரண்மனைக்குள் நுழைந்தவர்கள் யார்? கையில் ஆயுதத்தோடு வந்திருக்கும் இவன் யார்? பேசு!"

தேவதாஸ் பேசவில்லை. ஸ்க்ரூட்ரைவரைப் பிடித்தபடி அசடு வழிய நின்றான். கடைசி வரிசைவரை ஹால் சிரிப்பில் குலுங்கியது. "காவலரே, இவர்களை வெளியே தள்ளுங்கள்!" என்றதும் இன்ஜினியர்கள் நல்ல பிள்ளைகளாக இறங்கிப் போனார்கள். மீதி நாடகம் மைக் இல்லாமலே நடந்தது. ஒரு சொல்கூட யாருக்கும் கேட்காமல் போகவில்லை.

பிரியாணிப் பந்தியில் எல்லாரும் "ராஜா, ராஜா" என்று அவன் முதுகில் தட்டினார்கள். தேவதாஸே ஒரு தட்டைக் கொண்டுவந்து நீட்டினான். ஒரு வருஷத்துக்கு அப்புறம் அந்த ஹாலில் முத்துவுக்கு நிம்மதியாகப் பசித்தது.

சுவரோரமாகக் கிழவர் மட்டும் முகம் வெளுத்து உட்கார்ந்திருந்தார். முத்து பக்கத்தில் போனதும் அவன் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நீ மறந்துதானே போனாய்? தப்பான நேரத்தில் பிடுங்கிவிட்டேனா?"

முத்து ஜெயலீலாவைப் பார்த்தான். அவள் மெல்லத் தலையசைத்தாள்.

"சுத்தமா மறந்துபோச்சு அங்கிள்" என்றான். "நீங்க மட்டும் இல்லேன்னா என் மானம் கப்பலேறியிருக்கும்."

கிழவர் நீளமாக மூச்சு விட்டார். கண் கலங்கிவிட்டது அவருக்கு.

"சரியான நேரத்தில்தான் பிடுங்கினேன், இல்லையா?"

"கரெக்ட் டைம், அங்கிள்."

பிடுங்கியபோது அறுந்து கையோடு வந்த மைக் பிளக்கைப் பாக்கெட்டிலிருந்து எடுத்து மேஜைமேல் வைத்துவிட்டு, கிழவர் பிரியாணித் தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.